சேந்தமங்கலத்துப் புளூட்டோ

கல்யாணப் பத்திரிகையை எழுதுவது சுலபம். அச்சடிப்பது அதைவிடச் சுலபம். அதை யார் வீட்டுக்கு யார் போய், எந்தக் கிழமையில், எப்படிப்பட்ட தட்டில் வைத்துக் கொடுப்பது என்பதில்தான் நல்ல குடும்பங்கள் நடுத்தெருவுக்கு வருகின்றன. என் தங்கை கோகிலாவின் கல்யாணத்தில் அந்த வேலையை என்னிடம் ஒப்படைத்தார்கள். நான் அதை வானியல் முறைப்படி செய்து முடித்தேன். (சிரிக்கலாம். அன்றைக்கு யாரும் சிரிக்கவில்லை.)

எனக்கு அப்போது இருபத்தெட்டு வயது. நாமக்கல்லில் ஒரு லாரி புக்கிங் ஆபீசில் குமாஸ்தா. அது வயிற்றுக்கு. மற்ற நேரமெல்லாம் வசன கவிதை. புதுச்சத்திரத்தில் எங்கள் வீட்டிலிருந்து நெடுஞ்சாலை கூப்பிடு தூரம்தான். பாரம் ஏற்றிய வண்டி போனால் சமையலறையில் தட்டுகள் மெல்ல நடுங்கும். அந்த நடுக்கத்தில் பிரபஞ்சத்தின் நாடித்துடிப்பைக் கேட்கிறேன் என்று எழுதி ஒரு சிற்றிதழுக்கு அனுப்பினேன். அவர்களும் வெளியிட்டார்கள். அதற்கு அடுத்த இதழ் வரவேயில்லை. இரண்டுக்கும் சம்பந்தமில்லை என்றுதான் இன்றுவரை நம்பிக்கொண்டிருக்கிறேன்.

அந்த வருடம் எனக்குக் குறுங்கோள் பைத்தியம் பிடித்திருந்தது. சில வருடங்களுக்கு முன்னால் எங்கோ ஐரோப்பாவில் வானியல் அறிஞர்கள் கூடிக் கையைத் தூக்கி, புளூட்டோ இனிமேல் கோள் இல்லை என்று தீர்மானம் போட்டிருந்தார்கள். கோள் என்றால் மூன்று தகுதி வேண்டுமாம். சூரியனைச் சுற்ற வேண்டும். தன் எடையாலேயே உருண்டு திரண்டிருக்க வேண்டும். தான் போகிற பாதையில் கிடக்கும் மற்றதையெல்லாம் அகற்றிப் பாதையைச் சுத்தமாக வைத்திருக்க வேண்டும். புளூட்டோவுக்கு முதல் இரண்டு உண்டு, மூன்றாவது இல்லை. எழுபத்தாறு வருடம் பாடப்புத்தகத்தில் ஒன்பதாவது ஆளாக உட்கார்ந்திருந்த ஒன்றை எழுப்பி வெளியே நிறுத்திவிட்டார்கள். அதற்கென்று குறுங்கோள் என்று ஒரு புது வகையை உண்டாக்கி, கூடவே சீரஸ், ஏரிஸ், ஹௌமியா, மகேமகே என்று நான்கைச் சேர்த்து ஐந்தாக்கினார்கள். நூலகத்தில் இதைப் படித்த அன்றே பேனாவை எடுத்தேன். தள்ளிவைக்கப்பட்ட உருண்டையே, இருட்டில் யாருக்காகச் சுற்றுகிறாய் என்றெல்லாம் உருகி உருகி எழுதினேன்.

இப்படி உருகியவன்தான் அடுத்த மாதம் என்ன காரியம் செய்தான் என்று பாருங்கள்.

கல்யாணத்துக்குப் பதினெட்டு நாள் இருக்கும்போது, வீட்டுக்கு வெள்ளையடிக்க ஏணி ஏறிய அப்பா ஏணியோடு இறங்கினார். முழங்காலிலிருந்து பாதம்வரை மாவுக்கட்டு. பத்திரிகை வைக்கும் வேலை என் தலையில் விழுந்தது. அம்மா என்னை உட்காரவைத்து ஒரு நோட்டில் எல்லாப் பெயரையும் எழுதச் சொன்னார். எல்லாருக்கும் நேரில்தான் வைக்க வேண்டும் என்றார். தட்டில் வெற்றிலை பாக்கு, பழம், மேலே பத்திரிகை. நின்றுகொண்டு, குனிந்து, குடும்பத்தோடு வர வேண்டும் என்று வாயால் சொல்லிக் கொடுக்க வேண்டும். நான் தலையாட்டினேன். ஆபீசில் எனக்குக் கிடைத்ததோ நாலே நாள் விடுப்பு.

நோட்டைப் பார்க்கப் பார்க்க எனக்கு மூச்சு முட்டியது. ஓரிடத்தில் கால் தரிக்காதவன் நான். ஆனால் போ என்று சொன்னால் மட்டும் போகப் பிடிக்காது. அப்போதுதான் அந்தப் பாழாய்ப்போன வெளிச்சம் என் மண்டைக்குள் அடித்தது. குடும்பம் என்பது என்ன? ஒரு சூரிய மண்டலம். நடுவில் எங்கள் வீடு. ஊர் ஊராகச் சேர்த்துப் பிரித்தால் உறவுகள் எட்டுக் கூட்டமாக வந்தன. எட்டும் கோள்கள், அவர்களுக்கு நேரில். எதிலும் சேராமல் ஆளுக்கொரு திசையில் தனித்து நின்றவை ஐந்து வீடுகள். கிட்டத்தில் இருந்தாலும் உட்கார்ந்து பேசிச் சாப்பிட்டு வர ஒவ்வொன்றுக்கும் ஒரு நாள் பிடிக்கும். எண்ணிப் பார்த்தேன். சரியாக ஐந்து. எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. இயற்கையே என்னோடு பேசுகிறது என்று நினைத்துக்கொண்டேன். (இயற்கைக்கு வேறு வேலை இல்லை பாருங்கள்.)

ஒரு முழு வெள்ளைத்தாளில் வட்டம் வட்டமாகப் பாதைகள் வரைந்து, உச்சியில் அழகான எழுத்தில் இப்படி எழுதினேன்:

*குறுங்கோள்கள் ஐந்து.
இவையும் சூரியனைச் சுற்றும்.
ஆனால் பாதையைத் துடைக்கா.
இவற்றுக்குத் தபால் போதும்.*

கீழே, எனக்கு மறந்துபோகாமல் இருக்க, ஒவ்வொன்றுக்கும் ஒரு குறிப்பு. சீரஸ், சங்ககிரி: கூட்டத்துக்குள் தேடினால்தான் அகப்படும். (அங்கே ஒரு பெரியம்மா. வீட்டைச் சுற்றி எப்போதும் லாரிகள் நிற்கும். நிஜ சீரஸும் விண்கற் கூட்டத்துக்கு நடுவேதான் இருக்கிறது.) ஹௌமியா, நாமக்கல்: முட்டை. நிற்காமல் சுற்றும், வீட்டில் பிடிக்க முடியாது. (முட்டை லாரி வைத்திருக்கும் சித்தப்பா.) மகேமகே, குமாரபாளையம்: எப்படிச் சேர்ந்தது என்று தெரியவில்லை. (நூல் வியாபாரம் செய்யும் ஒருவர், என்ன முறை என்று எனக்கு விளங்கியதே இல்லை.) ஏரிஸ், ஆத்தூர்: எல்லாப் பிரச்சினையும் இதிலிருந்துதான் ஆரம்பம். (நிஜ ஏரிஸ் அகப்பட்ட பிறகுதான் புளூட்டோவுக்கே வினை வந்தது. இங்கே அத்தை. விளக்கம் தேவையில்லை.) கடைசியாக, புளூட்டோ, சேந்தமங்கலம்: முன்பு கோள். இப்போது இல்லை.

சேந்தமங்கலம் மாமா அம்மாவின் சித்தப்பா மகன்; எங்கள் வீட்டிலிருந்து பஸ்ஸில் ஒரு மணி நேரத் தூரம்தான். தேய்ந்த லாரி டயருக்கு மறுபடி ரப்பர் ஒட்டி ரோட்டுக்கு அனுப்பும் பட்டறை வைத்திருந்தார். அவரைச் சேர்ப்பதா வேண்டாமா என்று நான் சும்மா முடிவெடுத்துவிடவில்லை. மூன்று விதிகளையும் போட்டுப் பார்த்தேன். நம் வீட்டைச் சுற்றி வருகிறாரா? வருகிறார். உருண்டு திரண்டிருக்கிறாரா? சந்தேகமே இல்லை. பாதையைச் சுத்தமாக வைத்திருக்கிறாரா? பட்டறைக்கு முன்னால் பழைய டயர் மலைபோலக் குவிந்து பாதி வழியை அடைத்திருந்தது. பக்கத்துக்காரரோடு அதற்காகவே நெடுநாள் தகராறு. விஞ்ஞானம் தெளிவாக இருந்தது. நான் கண்ணீரோடு அவரை நீக்கினேன்.

ஐந்து உறையிலும் விலாசம் எழுதி, ரப்பர் பேண்டு போட்டு மேசைமேல் வைத்தேன். மறுநாள் எல்லா உறைகளின் மூலையிலும் அம்மா மஞ்சள் தடவி முடித்திருந்தார். அவை தபாலுக்கு என்று அவருக்குத் தெரியாது. ஆபீஸ் போகிற வழியில் ஐந்தையும் மூடி, ஸ்டாம்பு ஒட்டித் தபால்பெட்டியில் போட்டேன். அட்டவணைத் தாளைத் தேடினேன், கிடைக்கவில்லை. மனசுக்குள் இருக்கிறதே, போகட்டும் என்று விட்டேன்.

நாலு நாள் விடுப்பிலும் மற்ற நாள் சாயங்காலங்களிலுமாக, அடுத்த ஏழு நாளில் எட்டுக் கோள்களையும் வலம்வந்தேன். எல்லா வீட்டிலும் பலகாரம் கொடுத்தார்கள். விஞ்ஞானபூர்வமாகத் திட்டமிட்டால் வாழ்க்கை எவ்வளவு இலகு என்று அப்பாவிடம் சொன்னேன். மாவுக்கட்டைச் சொறிய முடியாத எரிச்சலில் இருந்த அவர் ஒரு ஸ்கேல் கொண்டுவரச் சொன்னார்.

எட்டாம் நாள், ஞாயிற்றுக்கிழமை, முற்பகல். வீட்டு முன்னால் ஒரு ஆம்னி வேன் வந்து நின்றது. கதவு திறந்தது. முதலில் சங்ககிரிப் பெரியம்மா இறங்கினார். பிறகு ஆத்தூர் அத்தை. பிறகு முட்டை லாரிச் சித்தப்பா. பிறகு குமாரபாளையத்துக்காரர். கடைசியாக முன் சீட்டிலிருந்து, ஒரு தாள்கட்டைச் சுருட்டிக் கையில் பிடித்தபடி சேந்தமங்கலம் மாமா.

ஒருவருக்கொருவர் எந்தத் தொடர்பும் இல்லாத ஐந்து பேர். ஒருவரையொருவர் வருடத்துக்கு ஒருதரம்கூடப் பார்த்துக்கொள்ளாதவர்கள். இந்த ஐந்து பேரையும் ஒரே வண்டியில் ஏற்றக்கூடிய காரணம் இந்த உலகத்தில் ஒன்றே ஒன்றுதான் இருக்க முடியும் என்பது எனக்கு உறைத்தபோது, பின்வாசல் எத்தனை அடி தூரம் என்று கண்ணால் அளந்தேன்.

"வாங்க மாமா" என்றேன்.

"வந்துட்டம் மாப்ள. சூரியனப் பாத்துட்டுப் போலாம்னு வந்தம்" என்றார் மாமா.

எல்லாரும் கூடத்தில் உட்கார்ந்தார்கள். அம்மா ஒன்றும் அறியாமல் மலர்ந்த முகத்தோடு தண்ணீர் கொண்டுவந்தார். யாரும் தொடவில்லை. மாமா சுருளைப் பிரித்தார். உள்ளேயிருந்து என் அட்டவணை வெளியே வந்தது. நான்கு மூலையிலும் மஞ்சள் தடவி, மங்களகரமாக.

எப்படிப் போனது என்று எனக்குப் புரியவில்லை. அம்மாதான் புரியவைத்தார். அதைப் பார்த்ததும் அவர் முகத்தில் பெருமைகூட வந்தது. "இது உன்ற கவிதையில்ல சாமி? மேசமேல மடிச்சுக் கெடந்துது. மேல நாலு வரி படிச்சேன். நீ எழுதறதெல்லாம் அப்படித்தான இருக்கும், ஒண்ணும் வெளங்காம. கடைசி வரி மட்டும் மனசத் தொட்டுச்சு. நம்ம சேந்தமங்கலத்துத் தம்பி படிக்கட்டுமேன்னு அவன் கவர்ல நாந்தான் வெச்சேன்."

கடைசி வரி, இவற்றுக்குத் தபால் போதும்.

தபாலில் வந்த உறையைப் பார்த்ததும் மாமாவுக்கு முதல் அதிர்ச்சி. உள்ளே இருந்ததைப் படித்ததும் இரண்டாவது. புளூட்டோ என்றால் என்னவென்று அவருக்குத் தெரியாது. ஏதோ உயர்ந்த பட்டமாக இருக்கும் என்றுதான் முதலில் நினைத்தாராம். சேந்தமங்கலத்தில் ஒரு பிரவுசிங் சென்டருக்குப் போய்க் கேட்டிருக்கிறார். அங்கிருந்த பெண் பதினொரு பக்கம் கலரில் பிரிண்ட் எடுத்துக் கொடுத்து, நிதானமாக ஒவ்வொரு வரியாகத் தமிழில் சொல்லி விளக்கியிருக்கிறாள். நீக்கப்பட்டது என்ற இடம் வந்ததும் இன்னொருதரம் சொல்லச் சொன்னாராம்.

அதற்குப் பிறகு அவர் செய்ததுதான் என்னை இன்றைக்கும் வாயடைக்க வைப்பது. ஊர்ப் பெயரை வைத்து ஆள் யாரென்று கண்டுபிடித்து, அட்டவணையை நாலு ஜெராக்ஸ் எடுத்தார். பித்தளைத் தட்டில் வெற்றிலை பாக்கும் வாழைப்பழமும் வைத்து, மேலே ஜெராக்ஸை வைத்து, மற்ற நாலு பேர் வீட்டுக்கும் நேரில் போய், நின்று, குனிந்து, முறைப்படி கொடுத்தார்.

"பத்திரிக தபால்ல வந்துது சாமி, வசவு நேர்ல வந்துது" என்றார் சங்ககிரிப் பெரியம்மா. "என்ற ஊட்டு முன்னால அம்பது லாரி நிக்குது, நெசந்தான். அதுக்கு நான் என்ன பண்றது? தேடுனாத்தான் கெடைப்பேனாமா. நீ எப்பத் தேடுன?"

ஆத்தூர் அத்தை அதிகம் பேசவில்லை. எல்லாப் பிரச்சினையும் தன்னிடமிருந்துதான் ஆரம்பிக்கிறதா என்று மட்டும் அப்பாவைப் பார்த்துக் கேட்டார். அப்பா மாவுக்கட்டைப் பார்த்தார். மாவுக்கட்டு இருக்கிற மனிதன் பதில் சொல்லத் தேவையில்லை என்று எங்கோ சட்டம் இருப்பதுபோல நடந்துகொண்டார். சற்றுப் பொறுத்து என்னை அருகில் அழைத்து, குமாரபாளையத்துக்காரரைக் கண்ணால் காட்டி, "அவரு யாருடா?" என்று காதில் கேட்டார்.

முட்டை லாரிச் சித்தப்பாவுக்கு மட்டும் கோபமே இல்லை. முட்டை என்று எழுதியிருப்பது தொழில்தானே, அதில் என்ன தப்பு என்றார். நிஜமாகவே வானத்தில் முட்டை வடிவில் ஒன்று இருக்கிறதா என்று கேட்டார். இருக்கிறது, நாலு மணி நேரத்துக்குள் ஒரு சுற்று தன்னைத்தானே சுற்றிவிடும், அந்த வேகத்தில்தான் அப்படி நீண்டுவிட்டது என்று தரையைப் பார்த்தபடி சொன்னேன். "பரவால்லியே" என்றார். அவர் முகத்தில் தன் இனத்தைக் கண்டுகொண்ட நிறைவு. அத்தை அவரை ஒரு பார்வை பார்த்ததும் அதை மறைத்துக்கொண்டார்.

மாமா கடைசியில் பேசினார். சத்தமே போடவில்லை. "தேஞ்சு போன டயருக்கே மறுபடி ரப்பர் வெச்சு ரோட்டுல உடறவன் மாப்ள நான். இனி ஓடாதுன்னு ஒண்ண ஒதுக்கறதுக்கு முந்தி நாலு தடவ தட்டிப் பாப்பேன். நீ என்னையத் தட்டிக்கூடப் பாக்கல."

நான் அட்டவணையைச் சுருட்டி முதுகுக்குப் பின்னால் மறைத்தேன்.

அவர் எழுந்தார். மற்ற நாலு பேருக்கும் போய் முறையாக வைத்துவிட்டு வா, எனக்கு வேண்டாம் என்றார். தான் வருவதும் வராததும் கல்யாணத்தன்றைக்குத் தெரியும் என்றார். அம்மா கையில் இருந்த சொம்பு நழுவித் தரையில் உருண்டது.

வேன் போன பிறகு அம்மா கதவைப் பிடித்துக்கொண்டே உட்கார்ந்துவிட்டார். நான் அவருக்கு ஆறுதலாக, ஒருவர் வராவிட்டால் என்னம்மா, எண்ணூறு பேர் வரப்போகிறார்கள் என்றேன். அம்மா என்னை ஏறிட்டுப் பார்த்த பார்வையை என்னால் விவரிக்க முடியாது. "எனக்குக் கூடப் பொறந்தவன் ஆரு இருக்கறான்? அவந்தான்டா இவளுக்குத் தாய்மாமன். அவன் வல்லீனா உன்ற தங்கச்சி நெத்தியில ஆரு பட்டம் கட்டறது?"

எங்கள் பக்கத்துக் கல்யாணத்தில் மணப்பெண்ணின் நெற்றியில் தாய்மாமன் பட்டம் கட்ட வேண்டும். அதற்குப் பிறகுதான் தாலி. இது எனக்குத் தெரியும். அம்மாவுக்கு உடன்பிறந்த ஆண் யாரும் இல்லை என்பதும் தெரியும். இந்த இரண்டையும் ஒன்றாகச் சேர்த்து, அப்படியானால் பட்டம் கட்டப்போவது யார் என்று ஒரு நிமிடம் யோசிக்க எனக்குத் தோன்றவில்லை. கோகிலாவுக்குச் சடங்கு வைத்தபோது மாமன் சீர் கொண்டுவந்தது அவர்தானாம். நான் அப்போது கல்லூரி விடுதியில் இருந்தேன். சூரிய மண்டலத்தின் விளிம்புவரை மனப்பாடமாகத் தெரிந்தவனுக்குச் சொந்தத் தங்கையின் தாய்மாமன் யாரென்று தெரிந்திருக்கவில்லை.

கோகிலா உள்ளறை வாசலில் நின்றிருந்தாள். அழவில்லை, திட்டவில்லை. "எனக்கு மாமாதான் கட்டோணும்ணா" என்றாள். அவ்வளவுதான். உள்ளே போய்விட்டாள்.

மறுநாளிலிருந்து சம்பளமில்லா விடுப்பில் தட்டைத் தூக்கிக்கொண்டு கிளம்பினேன். குமாரபாளையத்தில் அந்த மனிதர் என்ன முறை என்று அவரிடமே பணிவாகக் கேட்டுத் தெரிந்துகொண்டேன். (ஒன்றரை மணி நேரம் சொன்னார். பஸ் ஏறியதும் மறந்துவிட்டது.) சங்ககிரியில் லாரிகளுக்குள் புகுந்து புகுந்து வீட்டைத் தேடினேன். பெரியம்மா ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டே இருந்திருக்கிறார், கூப்பிடவில்லை. தேடட்டும் என்று விட்டாராம். ஆத்தூர் அத்தை பத்திரிகையை வாங்கி முதல் எழுத்திலிருந்து கடைசி எழுத்துவரை படித்து, மூன்று அச்சுப் பிழை கண்டுபிடித்துக் கொடுத்தார். சித்தப்பாவைப் பிடிக்கவே முடியவில்லை. வழியில் ஒரு டீக்கடையில் முட்டை லாரியை மறித்து, கிளீனர் பக்கத்துக் கதவு வழியாகத் தட்டை நீட்டினேன்.

சேந்தமங்கலத்துக்கும் போனேன், வேண்டாம் என்று சொன்ன பிறகும். பட்டறையில் ரப்பர் வேகும் நாற்றம் கண்ணைக் கரித்தது. மாமா கொதிகலனுக்கு அந்தப் பக்கம் நின்று வேலை பார்த்துக்கொண்டே இருந்தார். நிமிரவில்லை. மூன்று மணி நேரம் நின்றேன். கடைசியில், "நாந்தான் வேண்டாம்னனில்ல மாப்ள" என்றார். தட்டை ஒரு டயர்மேல் வைத்துவிட்டு வந்தேன். கொல்லிமலை உச்சியில் மேகம் உட்கார்ந்திருந்தது. அதைப் பார்த்தும் எனக்கு ஒரு வரி தோன்றவில்லை என்றால் என் நிலைமையைப் புரிந்துகொள்ளுங்கள்.

கல்யாணத்தன்று காலை, ராசிபுரத்து மண்டபம் நிறைந்து வழிந்தது. நான் வாசலிலேயே நின்றேன். பன்னீர் தெளிப்பதாகப் பெயர். உண்மையில் ஒவ்வொரு வண்டியாக எட்டிப்பார்த்துக்கொண்டிருந்தேன். நாலு குறுங்கோள்களும் வந்துவிட்டன. ஐந்தாவதைக் காணவில்லை. மேடையில் சீர்களை நடத்தும் அருமைக்காரர் ஒவ்வொன்றாக முடித்துக்கொண்டே வந்தார். பிறகு அவர் நிமிர்ந்து கேட்டார், பொண்ணோட தாய்மாமன் எங்கீங்க என்று.

அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார். மாப்பிள்ளையின் அப்பா கடிகாரத்தைப் பார்த்தார். கோகிலா தலை குனிந்திருந்தாள். அவள் தலையில் வைத்திருந்த பூச்சரம் நடுங்குவதை வாசலிலிருந்தே என்னால் பார்க்க முடிந்தது.

அப்போதுதான் முட்டை லாரிச் சித்தப்பா என் தோளைத் தட்டிக் கையைக் காட்டினார். மண்டபத்தின் கடைசி வரிசை. பந்திக் கதவுக்குப் பக்கத்தில், மேடையிலிருந்து இதற்கு மேல் தள்ளி உட்கார முடியாது என்கிற நாற்காலியில், பட்டு வேட்டியும் மடித்த துண்டுமாக மாமா. பின்வாசல் வழியாக எப்போதோ வந்து உட்கார்ந்திருக்கிறார்.

ஓடினேன். காலைத் தொட்டேன். எல்லாம் நீங்கதான் மாமா, முன்னால வாங்க என்றேன்.

"தபால்ல வந்தவன் கடேசி வரிசையிலதான மாப்ள உக்காரோணும்" என்றார்.

"நான் என்ன பண்ணோணும் சொல்லுங்க மாமா."

"என்னைய எழுதி எறக்கி உட்ட. ஊரே படிச்சுது. இப்ப ஊருக்கே கேக்கறாப்பல ஏத்தி உடு."

மேளக்காரருக்குப் பக்கத்தில் மைக் இருந்தது. எப்படிப் போய்ச் சேர்ந்தேன் என்று நினைவில்லை. மேளத்தை நிறுத்தச் சொல்லிக் கையைக் காட்டினேன். நிறுத்தினார்கள். எண்ணூறு முகங்கள் திரும்பின. நான் சொல்ல வேண்டியது ஒரே வாக்கியம். சேந்தமங்கலம் மாமாவை மரியாதையோடு மேடைக்கு அழைக்கிறோம். ஆனால் மைக்கைப் பார்த்ததும் என் உள்ளேயிருந்த கவிஞன் விழித்துக்கொண்டான். அவனுக்குப் பயத்தில் மாமாவின் பெயர் மறந்துவிட்டது.

"அனைவருக்கும் வணக்கம்" என்றேன். "தவறுதலாக நீக்கப்பட்ட புளூட்டோ என்னும் கிரகம், இந்த நல்ல நேரத்தில், இந்தக் குடும்பத்தில் மறுபடியும் சேர்க்கப்படுகிறது என்பதைப் பணிவோடு தெரிவித்துக்கொள்கிறேன்."

மேளக்காரர் குச்சியைக் கீழே வைத்துவிட்டார்.

மாப்பிள்ளையின் அப்பா மெதுவாக மணவறையிலிருந்து இறங்கினார். முகம் வெளுத்திருந்தது. அவருக்குப் பின்னால் அவர்கள் பக்கத்து ஜோசியரும் எழுந்து நின்றுவிட்டார். "ஏனுங்க, என்னங்க இது? ஜாதகத்துல ஒம்போதுதானுங்க பாத்தம். நீக்குன கிரகம்னு ஒண்ணு இருந்ததா நீங்க சொல்லவே இல்லீங்களே. இத்தன நாளா மறச்சு வெச்சு, இப்பத் தாலி கட்டற நேரத்துல சேக்கறீங்களா?" என்று கேட்டார் மாப்பிள்ளையின் அப்பா.

தோஷம் என்ற சொல் முதல் வரிசையில் கிளம்பியது. நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அது ஐந்தாவது வரிசைக்குப் போனது. பத்தாவது வரிசையில் பெண்கள் தலையைத் தலையோடு சேர்த்துக்கொண்டார்கள். ஜோசியர் விரல்விட்டு எண்ண ஆரம்பித்தார். அப்பா சக்கர நாற்காலியில் உட்கார்ந்தபடி என்னைப் பார்த்தார். கால் மட்டும் சரியாக இருந்திருந்தால் அன்றைக்கு என்ன நடந்திருக்கும் என்று அந்தப் பார்வையில் முழுமையாக எழுதியிருந்தது. நான் மைக்கைப் பிடித்தபடி வாயைத் திறந்தேன், மூடினேன், திறந்தேன். என் தங்கையின் கல்யாணத்தை நிறுத்தியே தீருவது என்று நானாகச் சபதம் எடுத்திருந்தால்கூட இவ்வளவு நேர்த்தியாகச் செய்திருக்க முடியாது.

கடைசி வரிசையில் நாற்காலி நகரும் சத்தம் கேட்டது. மாமா எழுந்தார். துண்டை உதறித் தோளில் போட்டார். அவ்வளவு நீளமான மண்டபத்தின் நடுவழியில், யாரையும் பார்க்காமல், அவசரப்படாமல் நடந்து வந்தார். மாப்பிள்ளையின் அப்பாவுக்கு எதிரே வந்து நின்று கைகூப்பினார்.

"பயப்படாதீங்க சம்பந்தி. அந்தக் கிரகம் நாந்தானுங்க."

முதலில் சிரித்தது ஆத்தூர் அத்தை. எல்லாம் அவரிடமிருந்துதான் ஆரம்பிக்கும் என்று நான் எழுதியது அந்த ஒரு விஷயத்தில் உண்மையாயிற்று. பிறகு பெரியம்மா. பிறகு விஷயம் தெரிந்தவர்கள், தெரியாதவர்கள், கடைசியாக மாப்பிள்ளை. மாப்பிள்ளையின் அப்பாவுக்கு மட்டும் மாமாவே தோளில் கைபோட்டு ஐந்து நிமிடம் விளக்க வேண்டியிருந்தது. விளக்கம் கேட்டபின் அவர் என்னைத் திரும்பிப் பார்த்தார். தன் மகனுக்கு இப்படி ஒரு மைத்துனன் வாய்த்துவிட்டானே என்கிற ஆழ்ந்த அனுதாபம் தெரிந்தது. அது இன்றுவரை குறையவில்லை.

மாமா மேடையேறி, கோகிலாவுக்கு எதிரே நின்று, அவள் நெற்றியில் பட்டத்தை வைத்துப் பின்னால் முடிச்சுப் போட்டார். எத்தனையோ வருடம் ரப்பரும் இரும்பும் பிடித்துக் காய்த்துப்போன அந்த விரல்கள் ஒரு சின்ன நூலைக் கட்ட முடியாமல் இரண்டுதரம் நழுவவிட்டன. மூன்றாவது தரம் முடிச்சு விழுந்தது. கோகிலா அப்போதுதான் அழுதாள். மேளம் அடித்த அடியில் யாருக்கும் அது கேட்கவில்லை.

அதற்குப் பிறகு எங்கள் குடும்பத்தில் வானியல் அறிவு பெருகிவிட்டது. யாராவது ஒரு விசேஷத்துக்குப் போனில் அழைத்தால், நாங்கெல்லாம் குறுங்கோள்தானுங்களே என்று பதில் வருகிறது. முட்டை லாரிச் சித்தப்பா தன் புது வண்டியின் நெற்றியில் ஹௌமியா என்று எழுதிக்கொண்டு இந்தியா முழுவதும் சுற்றுகிறார். செக்போஸ்டுகளில் அது எந்த அம்மன் என்று கேட்கிறார்களாம். கோகிலாவின் மாமனார் வீட்டில் மாமாவுக்குப் பெயரே கிரகம்தான். கிரகம் சாப்பிட்டாச்சா, கிரகத்துக்கு இன்னொரு இலை போடுங்க. எனக்கும் பின்னால் கல்யாணம் நடந்தது. பத்திரிகை வைக்க என்னை வீட்டைவிட்டு வெளியே விடவில்லை. பேனாகூடக் கொடுக்கவில்லை.

சில வருடங்கள் கழித்து, ஆளில்லாத ஒரு விண்கலம் புளூட்டோவுக்கு அருகில் போய்ப் படம் எடுத்து அனுப்பியது. அதன் முகத்தில் இதயம்போல ஒரு பெரிய வெளிர்ந்த திட்டு. எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. செய்தித்தாளை எடுத்துக்கொண்டு நேராகச் சேந்தமங்கலம் பட்டறைக்குப் போனேன். மாமா கையைத் துணியில் துடைத்துவிட்டு, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, ரொம்ப நேரம் அந்தப் படத்தைப் பார்த்தார். எவ்வளவு தூரம் என்று கேட்டார். கிட்டத்தட்ட ஐந்நூறு கோடி கிலோமீட்டர் என்றேன். போய்ச் சேர எத்தனை நாள் ஆச்சு என்றார். ஒன்பதரை வருடம் என்றேன்.

"ஒம்பதர வருசம்" என்றார். "ஒம்பதர வருசம் மெனக்கெட்டு, நேர்ல போயிப் பாத்திருக்கறான். அவன் மனுசன்."

செய்தித்தாளை மடித்து என்னிடம் கொடுத்தார். கண்ணாடியைக் கழற்றினார்.

"ஏன் மாப்ள, புதுச்சத்திரத்துல இருந்து நம்ம ஊருக்கு எத்தன கிலோமீட்டரு?"